கிருஷ்ணகிரிக்கு 1905-லேயே ரயில் வந்தது... இப்போது எங்கே? காணாமல்போன குட்டி ரயில்களும் அவற்றைக் காப்பாற்றும் மியூசியங்களும்!

கிருஷ்ணகிரி ஒரு மாவட்டத் தலைநகர். சென்னை, பெங்களூரு, சேலம் என எந்தப் பக்கம் போகவும் பெரிய நெடுஞ்சாலை இருக்கிறது. மாம்பழ சீசனில் லாரிகள் வரிசைகட்டி நிற்கும். ஆனால், அந்த நகரத்தில் ரயில் நிலையம் கிடையாது. ரயில் பிடிக்க வேண்டுமென்றால், பஸ் ஏறி வேறு ஊருக்குத்தான் போக வேண்டும்.

இதே கிருஷ்ணகிரிக்கு 120 ஆண்டுகளுக்கு முன்பே ரயில் ஓடியது என்று சொன்னால் நம்புவீர்களா?

1905-ல் திருப்பத்தூரிலிருந்து கிருஷ்ணகிரிக்கு சுமார் 40 கி.மீ நீளத்துக்கு ஒரு குட்டி ரயில் பாதை திறக்கப்பட்டது. அடுத்த ஆண்டே, மொரப்பூரிலிருந்து தர்மபுரிக்கு இன்னொரு குட்டி ரயில். 1913-ல் அது ஓசூர் வரை நீண்டது. இரண்டுமே 'நேரோ கேஜ்' என்று சொல்லப்படும் குறுகிய பாதைகள். நீராவி இன்ஜின், சின்னச் சின்னப் பெட்டிகள், ஊர் ஊராக நின்று போகும் வண்டி... 1940-களின் தொடக்கத்தில் இரண்டும் தண்டவாளத்தோடு பெயர்த்தெடுக்கப்பட்டன.

இந்தியாவின் வேறு பகுதிகளில் இதே வகைக் குட்டி ரயில்களைப் பார்க்க இன்று மியூசியங்கள் இருக்கின்றன. கிருஷ்ணகிரிக்கும் ஓசூருக்கும் ஓடிய ரயில்களுக்கென்று அந்த ஊர்களில் அப்படி ஒரு மியூசியம் இல்லை. ஓர் ஊரின் ரயில் மட்டும் காப்பாற்றப்படுவதும், இன்னோர் ஊரின் ரயில் சுவடில்லாமல் போவதும் எதனால்?

இரண்டரை அடிக்குள் ஓடிய ரயில்

முதலில், கேஜ் என்றால் என்ன? இரண்டு தண்டவாளங்களுக்கு இடையே உள்ள அகலம்தான் கேஜ். இன்று நாடு முழுக்க நாம் பார்ப்பது 'பிராட் கேஜ்' என்ற அகலப்பாதை. அதன் அகலம் 1,676 மி.மீ. 'மீட்டர் கேஜ்' பெயரிலேயே இருப்பதுபோல 1,000 மி.மீ. அதற்கும் கீழே இருப்பவை நேரோ கேஜ். இதில் 762 மி.மீ (இரண்டரை அடி), 610 மி.மீ (இரண்டு அடி) என இரண்டு வகைகள் இந்தியாவில் ஓடின. கிருஷ்ணகிரி, ஓசூர் பாதைகள் இரண்டரை அடி வகை.

ஆரணி, பெரணமல்லூர் பக்கத்து மக்களுக்கு கேஜ் சமாசாரம் புதிதல்ல. காட்பாடி - விழுப்புரம் பாதை நீண்டகாலம் மீட்டர் கேஜாக இருந்து, 2010-ஐ ஒட்டித்தான் முழுமையாக அகலப்பாதை ஆனது. அந்தப் பாதையில் உள்ள நிலையத்தின் பெயர் 'ஆரணி ரோடு'. ரயில்வேயில் ஓர் ஊர்ப் பெயருக்குப் பின்னால் 'ரோடு' என்று வந்தால், அந்த ஊர் அங்கே இல்லை, அங்கிருந்து சாலை வழியாகப் போக வேண்டும் என்று அர்த்தம். ஆரணி ரோடு நிலையம் இருப்பது களம்பூரில். பட்டுச் சேலை நெய்யும் ஆரணிக்கும் பெரணமல்லூருக்கும் ரயில் இன்றுவரை ஊருக்குள் வரவில்லை. ஆரணி வழியாகத் திட்டமிடப்பட்ட திண்டிவனம் - நகரி பாதை ஆண்டுக்கணக்கில் இழுத்துக்கொண்டிருக்கிறது.

அதனால், வந்த ரயிலையும் பறிகொடுத்த கிருஷ்ணகிரியின் கதை இந்தப் பகுதி மக்களுக்குச் சட்டென்று புரியும்.

பஞ்சம் போட்ட பாதை

வருமானம் கொட்டும் என்று நினைத்து இந்தக் குட்டி ரயில்களை யாரும் போடவில்லை. 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவை உலுக்கிய பெரும் பஞ்சத்தில் லட்சக்கணக்கானவர்கள் இறந்தார்கள். மிகக் கடுமையாக அடிவாங்கிய மாவட்டங்களில் அன்றைய சேலம் மாவட்டமும் ஒன்று. தர்மபுரி, கிருஷ்ணகிரி, ஓசூர் எல்லாம் அப்போது சேலம் மாவட்டத்தில்தான் இருந்தன.

ஓர் இடத்தில் தானியம் இருந்தும், பட்டினி கிடக்கும் ஊருக்கு அதைக் கொண்டுபோய்ச் சேர்க்க முடியாமல் போனது அந்தப் பஞ்சத்தின் பெரும் கொடுமை. மாட்டு வண்டியில் கொண்டுபோகலாம் என்றால், வறட்சியில் மாடுகளும் செத்துக்கொண்டிருந்தன. அதன்பிறகு அமைக்கப்பட்ட பஞ்ச விசாரணைக் குழு 1880-ல் அறிக்கை கொடுத்தது. பஞ்சம் தாக்கக்கூடிய பகுதிகளுக்கு ரயில் பாதை போட வேண்டும் என்பது அதன் முக்கியமான பரிந்துரைகளில் ஒன்று. லாபம் வராவிட்டாலும் மக்களைக் காக்கப் போடப்படும் இத்தகைய பாதைகளுக்குப் 'பாதுகாப்புப் பாதைகள்' என்றே பெயர்.

மொரப்பூர் - தர்மபுரி, திருப்பத்தூர் - கிருஷ்ணகிரி பாதைகள் அந்த வகையில் வந்தவை. லாபம் வராத பாதைக்கு நிறையச் செலவு செய்ய அரசுக்கு மனம் வருமா? அதனால்தான் நேரோ கேஜ். பாதை குறுகலாக இருந்தால் மண் வேலை குறைவு, தண்டவாளத்தின் எடை குறைவு, பாலங்கள் சிறியவை. குன்று குறுக்கே வந்தால், குடையாமல் வளைத்து ஓட்டிவிடலாம்.

முதலில் மெட்ராஸ் ரயில்வே, பிறகு தென்னிந்திய ரயில்வே என இந்த வண்டிகளை ஓட்டிய கம்பெனிகள் மாறின. 1911-ல் திருப்பத்தூர் வட்டம் சேலத்திலிருந்து பிரிந்து புதிய வட ஆற்காடு மாவட்டத்துக்குப் போனது. ஆக, கிருஷ்ணகிரி குட்டி ரயில் புறப்பட்ட ஊர், ஆரணி இருந்த அதே பழைய வட ஆற்காடு மாவட்டத்து ஊர்!

ஏற்றி, இறக்கி, மறுபடி ஏற்றி...

குறைந்த செலவில் போட்ட பாதைக்கு ஒரு பெரிய சங்கடம் இருந்தது. மொரப்பூரும் திருப்பத்தூரும் ஜோலார்பேட்டை - சேலம் அகலப்பாதையில் இருக்கும் ஊர்கள். அகலப்பாதை வேகன் இரண்டரை அடித் தண்டவாளத்தில் ஏறாது. சென்னையிலிருந்து ஒரு மூட்டை தர்மபுரிக்குப் போக வேண்டுமென்றால், மொரப்பூரில் இறக்கி, குட்டி வண்டியில் மறுபடி ஏற்ற வேண்டும். கூலி, நேரம், சேதாரம் எல்லாமே கூடுதல்.

1930-களில் பஸ்ஸும் லாரியும் பெருகின. வாசலில் சரக்கை ஏற்றி வாசலிலேயே இறக்கும் லாரியோடு குட்டி ரயில் போட்டி போட முடியவில்லை. நாடு முழுக்கவே நேரோ கேஜ் பாதைகளுக்கு இந்தப் பிரச்னை வந்தது.

பிறகு, இரண்டாம் உலகப் போர். இரும்புக்குத் தட்டுப்பாடு. போர்த் தேவைக்காக இந்தியாவில் வருமானம் குறைந்த கிளைப் பாதைகள் பல மூடப்பட்டன, தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டன. கிருஷ்ணகிரி பாதையும் ஓசூர் பாதையும் அந்த வரிசையில் போயின. பஞ்சத்துக்காக வந்த ரயில், போருக்காகப் போனது.

சுதந்திரத்துக்குப் பிறகு சேலம் - பெங்களூரு பாதை வந்ததில் தர்மபுரிக்கும் ஓசூருக்கும் மறுபடி ரயில் கிடைத்தது. மொரப்பூர் - தர்மபுரி இணைப்புக்காக மக்கள் பல ஆண்டுகள் குரல் கொடுத்து, 2019-ல் புதிய பாதைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. கிருஷ்ணகிரிக்கு மட்டும் போன ரயில் திரும்பி வரவே இல்லை.

ஓடும்போதே சேர்த்துவைத்த நாக்பூர்

இனி, ரயிலைக் காப்பாற்றிய ஊர்களுக்கு வருவோம்.

மகாராஷ்டிராவின் நாக்பூரை மையமாக வைத்து, சாத்பூரா மலைப் பகுதியில் சுமார் 1,000 கி.மீ அளவுக்கு நேரோ கேஜ் பாதைகள் இருந்தன. பெங்கால் நாக்பூர் ரயில்வே போட்டவை. அதே இரண்டரை அடி அகலம். மத்தியப் பிரதேசத்தின் ஜபல்பூர், நைன்பூர், சிந்த்வாரா என்று காட்டுக்குள் புகுந்து புறப்பட்ட இந்த வண்டிகள்தான் பல பழங்குடி கிராமங்களுக்கு வெளியுலகத் தொடர்பு.

1992-ல் இந்திய ரயில்வே 'யூனிகேஜ்' என்ற திட்டத்தைத் தொடங்கியது. எல்லாப் பாதைகளையும் அகலப்பாதையாக மாற்றுவதுதான் நோக்கம். சாத்பூரா குட்டி ரயில்களின் நாள்கள் எண்ணப்படுகின்றன என்பது அப்போதே தெரிந்துவிட்டது. நாக்பூர் - சிந்த்வாரா பாதையில் 2015-ல் குட்டி ரயில் நின்றது. நாக்பூர் - நாக்பீட் பாதையில் 2019-ல் நின்றது.

ஆனால், நாக்பூர் நேரோ கேஜ் ரயில் மியூசியம் திறக்கப்பட்டது 2002 டிசம்பரில்! அதாவது, குட்டி ரயில்கள் ஓடிக்கொண்டிருந்தபோதே. மியூசியம் அமைந்த மோதிபாக், நேரோ கேஜ் வண்டிகளைப் பழுதுபார்க்கும் பணிமனை இருந்த இடம். நீராவி இன்ஜின்கள், பழைய பெட்டிகள், சிக்னல் கருவிகள், விளக்குகள் என எல்லாவற்றையும் சேர்க்க அப்போது அவகாசம் இருந்தது. எந்தப் பொருள் எதற்குப் பயன்பட்டது என்று சொல்ல, அவற்றோடு வேலை பார்த்தவர்களும் இருந்தார்கள்.

கிருஷ்ணகிரி பாதைக்கு அந்த அவகாசம் கிடைக்கவில்லை. போர்க்காலத்தில் யாருக்கு மியூசியம் பற்றிய யோசனை வரும்?

காயலான் கடையிலிருந்து மீண்ட இன்ஜின்

சில ரயில்கள் மயிரிழையில் தப்பியிருக்கின்றன. டெல்லி சாணக்கியபுரியில் 1977-ல் திறக்கப்பட்ட தேசிய ரயில் அருங்காட்சியகத்துக்குப் போனால், ஓர் அதிசயத்தைப் பார்க்கலாம். பாட்டியாலா சமஸ்தானத்தின் மோனோரயில். இதற்கு ஒரே ஒரு தண்டவாளம்தான். வண்டியின் எடை பெரும்பாலும் அந்த ஒற்றைத் தண்டவாளத்தில் இறங்கும். சாயாமல் இருக்க, பக்கவாட்டில் ஒரு பெரிய சக்கரம் சாலையில் உருளும். 1907-ல் தொடங்கி 1927 வரை ஓடியது.

மூடியபிறகு அதை எல்லோரும் மறந்துபோனார்கள். 1962-ல் மைக்கேல் சாட்டோ என்ற ஆங்கிலேய ரயில் ஆர்வலர், பாட்டியாலா பொதுப்பணித் துறையின் பழைய இரும்புக் குவியலில் அதன் மிச்சங்களைக் கண்டுபிடித்தார். அமிர்தசரஸ் ரயில்வே பணிமனையில் அதற்கு உயிர் கொடுத்தார்கள். தேசிய ரயில் அருங்காட்சியகம் உருவாவதற்குப் பின்னால் இருந்தவர்களில் சாட்டோ முக்கியமானவர். அவர் கண்ணில் படாமல் இருந்திருந்தால், அந்த இன்ஜின் உருக்காலைக்குப் போயிருக்கும்.

தாமஸ் இன்ஜின் கதைக்குப் பின்னால்...

குழந்தைகளுக்குப் பிடித்த 'தாமஸ்' ரயில் கார்ட்டூன் தெரியும்தானே? அந்தக் கதைகளை எழுதிய ஆங்கிலேயப் பாதிரியார் டபிள்யூ. ஆட்ரிக்கும் ஒரு குட்டி ரயிலுக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு.

பிரிட்டனின் வேல்ஸ் பகுதியில் டாலிலின் என்ற நேரோ கேஜ் ரயில், மலையிலிருந்து பலகைக் கல் ஏற்றிவர 1865-ல் தொடங்கியது. 1950-ல் அதன் உரிமையாளர் இறந்துபோக, ரயிலை மூடிவிடுவார்கள் என்ற நிலை. எழுத்தாளர் டாம் ரோல்ட் முன்நின்று ஆர்வலர்களைத் திரட்டினார். சங்கம் அமைத்து, 1951 மே மாதம் முதல் அவர்களே ரயிலை ஓட்டத் தொடங்கினார்கள். டிக்கெட் கொடுப்பது, புதர் வெட்டுவது, இன்ஜினில் கரி அள்ளிப்போடுவது என்று எல்லாவற்றுக்கும் தன்னார்வலர்கள். தன்னார்வலர்கள் காப்பாற்றி ஓட்டிய உலகின் முதல் ரயில் அதுதான் என்கிறார்கள். ஆட்ரியும் அங்கே போய் கார்டாக வேலை பார்த்தவர்.

சுமார் 12 கி.மீ நீளமுள்ள அந்த ரயில் இன்றும் ஓடுகிறது. அது புறப்படும் டைவின் நிலையத்திலேயே நேரோ கேஜ் ரயில்களுக்கென்று ஒரு மியூசியம் இருக்கிறது. ஆட்ரி எழுதிய அறையையும் அங்கே அப்படியே மறுபடி அமைத்து வைத்திருக்கிறார்கள். அந்தச் சின்ன ஊருக்குச் சுற்றுலாப் பயணிகளைக் கூட்டிவருவது அந்தக் குட்டி ரயில்தான்.

நிறுத்திவைத்தால் போதுமா?

ஒரு பழைய இன்ஜினைக் கொண்டுவந்து, பெயின்ட் அடித்து, ரயில் நிலைய வாசலில் மேடை கட்டி நிறுத்துவது எளிது. அதன்பிறகுதான் சிக்கலே!

இரும்புக்கு எதிரி ஈரம். புகைபோக்கி வழியாக மழைத் தண்ணீர் உள்ளே இறங்கினால், உள்ளே ஒட்டியிருக்கும் பழைய கரிச் சாம்பலோடு சேர்ந்து அமிலத்தன்மை கொண்டுவிடும். வெளியே பளபளவென்று இருக்கும் இன்ஜின் உள்ளுக்குள் அரித்துக்கொண்டிருக்கும். அதனால் புகைபோக்கியை மூட வேண்டும். சாம்பலைச் சுரண்டி எடுக்க வேண்டும். முடிந்தால் கூரை போட வேண்டும். பித்தளைக் குழாய், விசில், மீட்டர் போன்றவற்றைக் கழற்றிக்கொண்டு போகும் திருடர்களிடமிருந்து காக்க வேண்டும். மரப் பெட்டிகள் என்றால் கரையான் பயம் வேறு.

இன்ஜினை ஓட வைக்க வேண்டுமென்றால் இன்னும் கஷ்டம். கொதிகலனை அவ்வப்போது சோதித்துச் சான்று வாங்க வேண்டும். தேய்ந்த பாகத்துக்கு மாற்று எந்தக் கடையிலும் கிடைக்காது, செய்துதான் ஆக வேண்டும். அதைச் செய்யத் தெரிந்த கை வேண்டும்.

இது ஆரணி நெசவாளர்களுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. பழைய கைத்தறி ஒன்றைக் கண்ணாடிக்குள் வைத்துக் காப்பாற்றிவிடலாம். ஆனால் பாவு பிணைக்கத் தெரிந்தவர் இல்லையென்றால் அந்தத் தறியில் ஒரு முழம் துணி வராது.

அந்தக் கையைக் காப்பாற்றிய இடம் தமிழ்நாட்டிலேயே இருக்கிறது. ஊட்டி மலை ரயிலைப் பலரும் நேரோ கேஜ் என்று நினைக்கிறார்கள். அது மீட்டர் கேஜ். 1899-ல் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கும், 1908-ல் ஊட்டிக்கும் ஓடத் தொடங்கியது. தண்டவாளத்தின் நடுவே இருக்கும் பல் சட்டத்தை, இன்ஜினின் பல் சக்கரம் கவ்விப் பிடித்து ஏறும். அந்த இன்ஜின்கள் சுவிட்சர்லாந்தில் செய்யப்பட்டவை. அவை தேய்ந்து தளர்ந்தபோது, திருச்சி பொன்மலை ரயில்வே பணிமனைத் தொழிலாளர்கள் 2011-ல் தொடங்கி புதிய நீராவி இன்ஜின்களையே செய்து கொடுத்தார்கள். உலகமே பெரும்பாலும் நீராவியைக் கைவிட்டபிறகு, இங்கே புது நீராவி இன்ஜின்! 2005-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பர்யச் சின்னமாக அறிவித்த ரயில் இன்றும் ஓடுவதில் பொன்மலைக்குப் பெரிய பங்கு உண்டு.

இப்போது செய்ய முடிந்தது என்ன?

கிருஷ்ணகிரி, ஓசூர் குட்டி ரயில்களின் இன்ஜினைத் தேடுவது இன்று வீண் வேலை. ஆனால் எல்லாமே போய்விடவில்லை. பழைய சர்வே வரைபடங்களில் அந்தப் பாதை கோடாக இருக்கிறது. அன்றைய அரசு ஆவணங்களைத் தேட எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இருக்கிறது. தாத்தா வைத்திருந்த பெட்டியில் ஓர் அட்டை டிக்கெட், ரயில்வே முத்திரை குத்திய பித்தளை வில்லை, ஸ்டேஷனில் எடுத்த புகைப்படம் இருக்கலாம். பழைய பேப்பரோடு எடைக்குப் போடும் முன் ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

எல்லாவற்றையும்விட அவசரமானது ஒன்று உண்டு. சிறு வயதில் அந்த ரயிலில் ஏறியவர்கள் யாராவது இருந்தால், இன்று அவர்கள் தொண்ணூறைத் தொட்டிருப்பார்கள் அல்லது தாண்டியிருப்பார்கள். திருப்பத்தூர், கிருஷ்ணகிரி, மொரப்பூர், தர்மபுரி, ஓசூர் பக்கம் உங்களுக்கு அப்படி ஒரு பாட்டியோ தாத்தாவோ இருந்தால், போனை எடுத்து அவர்கள் பேசுவதைப் பதிவு செய்துவையுங்கள். வண்டி எங்கே நின்றது, டிக்கெட் எவ்வளவு, எதையெல்லாம் ஏற்றிப்போனார்கள்... நாளைக்கு ஒரு மியூசியம் வந்தால், முதலில் கேட்பது இதைத்தான்.

ஆரணி ரோடு வழியாகப் போன மீட்டர் கேஜ் வண்டிக்கும் இது பொருந்தும். அது நின்று ரொம்பக் காலம் ஆகிவிடவில்லை. அதில் டிக்கெட் கொடுத்தவர்கள், கொடி காட்டியவர்கள், பட்டுச் சேலைக் கட்டோடு ஜன்னலோரம் உட்கார்ந்து போனவர்கள் எல்லாரும் பக்கத்துத் தெருவிலேயே இருக்கிறார்கள். நாக்பூருக்குக் கிடைத்த அவகாசம் இவர்களுக்கு இன்னும் இருக்கிறது.

எங்கே பார்க்கலாம்?

சென்னை: ஐ.சி.எஃப் வளாகத்தை ஒட்டிய ரயில் அருங்காட்சியகம். 2002 முதல் செயல்படுகிறது. பழைய இன்ஜின்கள், பெட்டிகளோடு குழந்தைகளுக்குக் குட்டி ரயில் சவாரியும் உண்டு. ஆரணி பக்கத்திலிருந்து ஒரே நாளில் போய்வரலாம்.

திருச்சி: ஜங்ஷனுக்கு அருகில் 2014-ல் திறக்கப்பட்ட ரயில் அருங்காட்சியகம். தென்னிந்திய ரயில்வேயின் வரலாற்றைத் தெரிந்துகொள்ள நல்ல இடம்.

நாக்பூர்: மோதிபாக் பகுதியில் உள்ள நேரோ கேஜ் மியூசியம். கிருஷ்ணகிரிக்கு ஓடியதைப் போன்ற இரண்டரை அடி ரயில்களைப் பார்க்க விரும்புபவர்களுக்கு இதுதான் சரியான இடம்.

டெல்லி: தேசிய ரயில் அருங்காட்சியகம். நேரோ கேஜ் இன்ஜின்களோடு, பாட்டியாலா மோனோரயிலையும் தவறவிடாதீர்கள்.

டார்ஜிலிங்: 1881-ல் ஓடத் தொடங்கிய இரண்டு அடி மலை ரயில். வழியில் வரும் கும் நிலையம்தான் இந்தியாவிலேயே மிக உயரத்தில் உள்ள ரயில் நிலையம். அங்கேயே ஒரு மியூசியமும் உண்டு.

சிம்லா: 1903-ல் திறக்கப்பட்ட கல்கா - சிம்லா பாதை, கிருஷ்ணகிரி ரயிலைப் போலவே இரண்டரை அடி அகலம். சிம்லாவில் பாபா பல்கு ரயில் மியூசியம் இருக்கிறது. மியூசியத்தில் பார்த்ததை வெளியே வந்து ஏறி உட்கார்ந்தும் பார்க்கலாம்.

நேரமும் விடுமுறை நாளும் ஒவ்வோர் இடத்துக்கும் மாறுபடும். கிளம்பும் முன் விசாரித்துக்கொள்ளுங்கள்.